லூர்தில் எழுந்து நின்றவள்

“தலை தெரியுதா, கால் தெரியுதா? முதல்ல அதைச் சொல்லு.”

தொலைபேசியைத் தோளுக்கும் காதுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு, அடுப்புக் கரியைக் கம்பியால் குத்தியபடி அட்ராக்டா கில்காய்ன் கேட்கிறாள். மறுமுனையில் மலைக்கு அந்தப் பக்கத்து விவசாயி ஒருவன். அவனுடைய பசு கன்று போட முடியாமல் தவிக்கிறது. மாட்டு டாக்டர் டர்கன் எந்தப் பண்ணையில் இருக்கிறார், அங்கே தொலைபேசி இல்லையென்றால் எந்த மதுக்கடைக்காரனை ஓடவிட்டு அவரைப் பிடிக்கலாம் என்று பார்ப்பது அட்ராக்டாவின் வேலை. டாக்டர் போய்ச் சேரும்வரை அந்த ஆளை அழவிடாமல் வைத்திருப்பதும் அவள் வேலைதான். “நீ பெக்கப் போறதில்லய்யா, மாடுதான் பெக்கப் போகுது. போய் வெந்நீர் வை,” என்று சொல்லி வைத்துவிடுவாள். பிறகு ஒரு சிகரெட்.

அயர்லாந்தில் எங்கள் ஸ்லைகோ பக்கத்துக் கோவில் பங்குகள் மூன்றிலும் அந்தக் குரலைத் தெரியாதவர் இல்லை. ஆளை இப்போது வெளியே பார்ப்பவர்கள் குறைவு. ஐம்பதைத் தாண்டியவள், தலைக்குத் தானே சாயம் பூசிக்கொள்வதால் காதோரமும் கறுத்திருக்கும். பச்சைக் கம்பளிச் சட்டை ஒன்று, கோடையிலும் அதுதான். நானும் அவளும் ஒரே வகுப்பில் படித்தவர்கள், பக்கத்து வீட்டுக்காரர்கள். நான் பஸ் ஓட்டுகிறேன், அவளுக்குச் சிகரெட்டும் ரொட்டியும் வாங்கி வந்து போடுகிறேன். திட்டு வாங்கிக்கொண்டு போகிறேன்.

அவள் சமையலறையில் சாமான்கள் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கும். நாற்காலியிலிருந்து கை எட்டும் தூரத்தில் மேசை, மேசையிலிருந்து கை எட்டும் தூரத்தில் பாத்திர அலமாரி, அப்புறம் அடுப்பு, அப்புறம் தொலைபேசி. ஒன்றை விடுமுன் இன்னொன்றைப் பிடித்துக்கொண்டு போவாள். “ஏசு சிலுவை சுமந்துட்டுப் போன பதினாலு ஸ்தலம்டா இது. தினமும் சிலுவைப்பாதை பண்றேன். அந்த டான்சி அம்மா வருஷத்துக்கு ஒருக்காப் பண்ணுது, அதுக்கே முட்டியைத் தடவிக்குது,” என்பாள். டான்சி அம்மாள் மருந்துக்கடைக்காரரின் மனைவி. நோய் தீர வேண்டி எங்கள் பங்கிலிருந்து பிரான்சின் லூர்து மாதா கோவிலுக்குப் போகும் யாத்திரைக் குழுவுக்குத் தலைவி.

அட்ராக்டாவைத் தேடி வருகிறவர்களில் இரண்டு வகை உண்டு. மாட்டுக்கு நோய் கண்டவர்கள் தொலைபேசியில் கூப்பிடுவார்கள். வீட்டில் மனிதருக்கு நோய் கண்டவர்கள் சொல்லாமல் கொள்ளாமல் வாசலில் வந்து நிற்பார்கள், தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு. லூர்தில் குணமானவளின் கையைத் தொட்டுவிட்டுப் போக வேண்டும் அவர்களுக்கு.

இதைச் சொல்வதானால் யாத்திரையைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஜூலை மாதம் பார்த்து அது வரும். புல் அறுக்க வேண்டிய நேரத்தில் மனைவி கிளம்பிவிடுகிறாளே என்று ஆண்கள் முணுமுணுப்பார்கள், ஆனால் மாதாவை எதிர்த்துப் பேச யாருக்கும் நாக்கு எழாது. பெண்களுக்கு அது நன்றாகத் தெரியும். பால் கறப்பு, பன்றித்தொட்டி, குடித்துவிட்டு வருகிற கணவன் எல்லாவற்றையும் விட்டுவிட்டு, யாரோ சமைத்ததை ஒரு வாரம் உட்கார்ந்து சாப்பிட எங்கள் பக்கத்தில் இருந்த ஒரே வழி அதுதான். அதை நான் குறை சொல்லமாட்டேன். என் மனைவியும் போயிருக்கிறாள். போய் வந்தால் ஒரு மாதத்துக்குப் பாத்திரம் கழுவும்போது பாடுவாள்.

ஆனால் சும்மா போனால் அது உல்லாசப் பயணம் ஆகிவிடும். கூட ஒரு நோயாளி வேண்டும். சக்கர நாற்காலியைத் தள்ள ஒருத்தி, குடை பிடிக்க ஒருத்தி, போர்வையைச் சரிசெய்ய ஒருத்தி, அடுத்த தெருவில் இன்னும் மலிவாக ஜெபமாலை கிடைக்கிறதா என்று பார்த்து வர இரண்டு பேர் என்று ஒரு நோயாளியைச் சுற்றி ஒரு படையே புண்ணியம் சம்பாதித்துக்கொள்ளலாம். அட்ராக்டா அதற்குத் தோதாக அமைந்தாள். கல்யாணம் ஆகாதவள், தூக்கச் சுலபமானவள். இருபத்தேழு வயதில் கால்களைப் பிடித்த நரம்பு நோய். வருஷா வருஷம் அவளைக் கூட்டிப் போனார்கள். அவளும் போனாள். ஸ்ட்ரெச்சர் தூக்க வருகிற இத்தாலியப் பையன்கள் நல்ல வாட்டசாட்டமாக இருப்பார்கள் என்று என்னிடம் மட்டும் சொல்லியிருக்கிறாள்.

அவள் எழுந்து நின்ற வருஷம் நடந்ததை அவள் சொன்னபடியே நான் நம்புகிறேன். அந்தக் கோடையில் கால் கொஞ்சம் தேவலாம் என்று அவளுக்கே தெரியும். அந்த நோய் சில சமயம் ஒதுங்கும், பிறகு முன்னைவிடக் கெட்டியாகத் திரும்பி வரும் என்று கால்வே நகரத்து டாக்டர் சொல்லியிருந்தார். வெளியே சொன்னால் குழு வேறு நோயாளியைப் பிடித்துவிடும் என்று அவள் மூச்சு விடவில்லை. லூர்தில் ஒரு கடை வாசலில் டான்சி அம்மாள் நாற்காலியை நிறுத்தி, பிரேக்கைப் போட்டு, வாங்கிய பைகளையெல்லாம் அவள் மடியில் குவித்துவிட்டு, மாதா உருவத்தில் செய்த தண்ணீர்ப் புட்டிகள் பார்க்க உள்ளே போனாள். அப்போது ஒரு குளவி அட்ராக்டாவின் கழுத்து வழியாகச் சட்டைக்குள் இறங்கியது. அவள் பைகளை எறிந்துவிட்டு எழுந்து நாலு எட்டு ஓடிப்போய்ச் சட்டையை உதறிக்கொண்டு நின்றாள். டான்சி அம்மாள் வெளியே வந்தவள் பார்த்தாள். அங்கேயே, நடைபாதையில், முழங்காலில் விழுந்துவிட்டாள்.

இந்த மாதிரி விஷயங்களை விசாரிக்க லூர்தில் டாக்டர்களே இருக்கிறார்கள். அவர்களிடம் காட்டலாமே என்று கூட வந்த ஒருத்தி சொன்னதற்கு, நம்பிக்கை இல்லாதவர்களிடம் எதற்குக் காட்ட வேண்டும் என்று டான்சி அம்மாள் அவள் வாயை அடைத்தாள். குளவி குளவி என்று அட்ராக்டா கத்தியது யார் காதிலும் ஏறவில்லை. அதற்குள் ஊருக்குத் தொலைபேசி போய்விட்டது.

டப்ளின் விமான நிலையத்திலிருந்து அவர்களை அழைத்து வந்தவன் நான். எங்கள் பக்கத்தில் கால்பந்துக் கோப்பை ஜெயித்து வந்தால் நாற்சந்தியில் தீ மூட்டி வரவேற்பார்கள். அன்றைக்கு மூட்டியிருந்த தீ, கோப்பைக்கு மூட்டியதைவிடப் பெரியது. பாண்டு வாத்தியம், பள்ளிக்கூடப் பிள்ளைகள், பூசை உடுப்போடு பங்குத்தந்தை. அட்ராக்டா முன் சீட்டுக்கு வந்து என் தோளைப் பிடித்தாள்.

“நிறுத்தாம நேரா வீட்டுக்கு விடுடா ஜார்லத்.”

“எப்படி விடறது? ரோட்டை அடைச்சிக்கிட்டு நிக்கிறாங்க.”

“உக்காந்தே வந்ததுல கால் ரெண்டும் மரத்துப் போச்சு. நாற்காலியை எடுக்கச் சொல்லு.”

டான்சி அம்மாள் பின்னாலிருந்து குனிந்தாள். “நாற்காலியா? இத்தனை பேர் முன்னாலயா? மாதா என்ன நினைப்பாங்க?” என்றாள்.

அட்ராக்டா நடந்துதான் இறங்கினாள். ஒவ்வொரு படியிலும் அவள் உதடு அசைந்தது. ஜனங்கள் ஜெபம் என்று நினைத்தார்கள். பக்கத்தில் இருந்த எனக்கு மட்டும்தான் அது எந்தக் கெட்ட வார்த்தை என்று தெரியும். ஊரில் யாருக்கும் தலை வணங்காத கிழவர்கள் தொப்பியைக் கழற்றிவிட்டு அழுதார்கள். அந்த முகங்களைப் பார்த்திருந்தால் கால் இல்லாதவன்கூட இறங்கி நடந்திருப்பான்.

நாற்காலி பங்குக்குச் சொந்தமானது. குணமானவளுக்கு எதற்கு என்று அடுத்த வாரமே அதை வேறொரு வீட்டுக்குக் கொடுத்துவிட்டார்கள். நாற்சந்தியில் நன்றிக்கு மாதா சிலை வைத்து ஒரு கெபி கட்டினார்கள். மறு வருஷம் லூர்துக்கு இரண்டு பஸ் நிறைந்தது. கோடை முழுக்க அட்ராக்டா நடந்தாள். குளிர் வந்ததும் நோயும் வந்தது, டாக்டர் சொன்ன மாதிரியே, முன்னைவிடக் கெட்டியாக.

ஊர் அதை மன்னிக்கவில்லை. முதலில் கண்டுகொள்ளாமல் இருந்தார்கள், பிறகு பேசினார்கள். சிகரெட்டை விட்டாளா? பூசைக்கு ஒழுங்காக வந்தாளா? அந்த வாய்க்கு எது தங்கும்? நாற்காலியைத் திருப்பிக் கேட்க நான் குழுவிடம் போனேன். டான்சி அம்மாள் தேநீர் கொடுத்தாள், கேக்கும் கொடுத்தாள். “குடுத்ததைப் பிடுங்கிக்கிற பழக்கம் மாதாவுக்கு இல்ல, ஜார்லத். அவளே தொலைச்சிருக்கா. நாங்க நாற்காலி குடுத்தா, தொலைச்சது சரின்னு சொன்ன மாதிரி ஆயிரும்,” என்றாள். நான் கேக்கைத் தட்டிலேயே வைத்துவிட்டு வந்தேன். வேறு என்ன செய்ய முடிந்தது என்னால்?

அன்றிலிருந்து வெளியாருக்குக் குணமானவள், உள்ளூருக்கு நன்றி கெட்டவள். கெட்ட நாட்களில் வீட்டுக்குள் தவழ்வாள். வாசலில் வந்து நிற்பவர்களிடம் உண்மையைச் சொல்ல வாயெடுப்பாள். அவர்கள் அதற்குள் கையைப் பிடித்து முத்தமிட்டிருப்பார்கள்.

இந்த வசந்தத்தில் அரசாங்க நர்ஸ் ஒருத்தி மாற்றலாகி வந்தாள். டப்ளின்காரி, எங்கள் அற்புதம் அவளுக்குத் தெரியாது. அட்ராக்டா அடுப்புக்கும் மேசைக்கும் நடுவே விழுந்து கிடந்ததைப் பார்த்தவள், மறு வாரம் புதுச் சக்கர நாற்காலி ஒன்றைக் கொண்டு வந்து இறக்கினாள். அட்ராக்டாவுக்குத் தலைகால் புரியவில்லை. சமையலறையில் இப்படியும் அப்படியும் ஓட்டினாள், அலமாரியில் மோதினாள், என் காலில் ஏற்றினாள். ஒரு கையில் தேநீர்க் கோப்பையோடு ஜன்னலுக்குப் போக முடிகிறதே என்று இரண்டு முறை சொன்னாள். அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்தது பள்ளிக்கூடத்தில்தான்.

“ஞாயித்துக்கிழமை பூசைக்கு இதுலதான் போறேன்டா. நடு வழியாத் தள்ளிட்டுப் போய் முன் வரிசையில விடு. அந்த டான்சி அம்மா மூஞ்சியை நான் பாக்கணும். பாத்துக்கட்டும் எல்லாரும். ஒரு தடவை பாத்துட்டா அப்புறம் பழகிரும்.”

சனிக்கிழமை மத்தியானம், மறுநாள் பூசைக்கென்று நீலச் சட்டையை எடுத்து இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள், நாற்காலியில் உட்கார்ந்தபடியே. நான் சக்கரத்துக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தேன். திறந்திருந்த கதவுக்கு வெளியே ஒரு கார் வந்து நின்றது. முப்பது வயதுகூட ஆகாத ஒருவன் இறங்கி வந்து, டெக்லன் என்று பெயர் சொன்னான், மலைக்கு அந்தப் பக்கத்தவன். அவன் பார்வை சக்கர நாற்காலியில் விழுந்தது, அங்கேயே நின்றது.

அட்ராக்டா இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். “பாத்தீங்கல்ல? அற்புதம் எதுவும் நடக்கல தம்பி. சட்டைக்குள்ள குளவி பூந்துச்சு, எந்திரிச்சேன். அவ்வளவுதான். போயிட்டு வாங்க,” என்றாள்.

அவன் போகவில்லை. மெதுவாகச் சொன்னான். மனைவி ஈத்னா காரில் இருக்கிறாள். அவளுக்கும் இதே நோய், இரண்டாவது குழந்தை பிறந்த கையோடு வந்தது. சுவரைப் பார்த்துப் படுத்தவள் எழுந்திருப்பதில்லை. சாப்பாடு இல்லை, பிள்ளைகளைப் பக்கத்தில் விடுவதில்லை. போன வாரம் யாரோ அட்ராக்டாவைப் பற்றிச் சொன்னதும், அந்த அம்மாள் நிற்பதைக் கண்ணால் பார்த்தால் லூர்துக்கு வருகிறேன் என்றாள். மாதக்கணக்கில் அவள் கேட்ட ஒரே காரியம் அது. யாத்திரைக்குப் பெயர் கொடுக்க நாளைதான் கடைசி நாள். எங்கள் கோவிலுக்குப் பூசைக்கு வந்து டான்சி அம்மாளிடம் பெயர் கொடுப்பதாக இருந்தான்.

“நாளைக்கு இங்க பூசைக்கா? அவளையும் கூட்டிக்கிட்டா?” என்று அட்ராக்டா கேட்டாள்.

“ஆமா.”

அவள் நீலச் சட்டையைப் பார்த்தாள். நான் அவனை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தியிருப்பேன். எனக்கு அவ்வளவு கோபம்.

“நான் சொன்னது காதுல விழுந்துச்சா? குளவி,” என்றாள் மறுபடியும்.

“குளவின்னாலும் எந்திரிச்சீங்கல்ல?” என்றான் அவன். “நடக்க வேணாம். வாசல்ல நின்னா போதும். அவ கார்ல இருந்தே பாத்துக்குவா. நாற்காலியைப் பத்தி நான் வாயைத் திறக்கமாட்டேன்.”

அட்ராக்டா நீலச் சட்டையை மடித்து மேசையில் வைத்தாள். பிறகு அவனைக் காருக்குப் போகச் சொன்னாள். மேசையை ஊன்றி எழுந்தாள். “இந்தச் சனியனைப் பின்கட்டுக்குத் தள்ளு,” என்றாள் என்னிடம். நாளைக்குப் பூசைக்கு என்ன செய்வாய் என்று கேட்டேன். அவள் சுவரைப் பிடித்தபடி வாசலுக்கு நகர்ந்தாள். தள்ளினேன்.

திரும்பி வந்தபோது நிலையைப் பிடித்துக்கொண்டு வாசலில் நின்றிருந்தாள். காருக்குள் ஒரு வெளுத்த முகம். எத்தனையோ பேர் அவளைப் பார்த்துவிட்டுப் போயிருக்கிறார்கள், யாரும் இப்படிப் பார்த்ததில்லை. ஈத்னாவின் கோட்டு நுனி கார்க் கதவில் மாட்டிக்கொண்டு வெளியே சேற்றில் தொங்கியது. அட்ராக்டா அதைக் கவனித்தாள். நிலையை விட்டாள். சரளைக்கல் முற்றத்தில், பிடித்துக்கொள்ள ஒன்றுமில்லாத இடத்தில், காருக்கு நடந்தாள். கதவைத் திறந்து, கோட்டு நுனியை உதறி, உள்ளே மடித்து வைத்தாள். அந்தப் பெண் அவள் முகத்தைப் பார்க்கவே இல்லை, கால்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். அட்ராக்டா கதவைச் சாத்தினாள்.

கார் பின்வாங்கித் திரும்பியது. நடு முற்றத்தில் தனியாக நின்றவளின் முழங்கால்கள் ஆடுவது எனக்கு இங்கிருந்தே தெரிந்தது. ஓடிப்போய்ப் பிடிக்க வாசலைத் தாண்டினேன். கார் இன்னும் சந்து முனைக்குப் போகவில்லை, பின் கண்ணாடியில் அந்த முகம் திரும்பிப் பார்த்துக்கொண்டே இருந்தது. அட்ராக்டா ஒரு கையை உயரத் தூக்கி அதற்கு ஆட்டினாள். மற்றொரு கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுவந்து, உள்ளங்கையை என் பக்கம் விரித்தாள், வராதே என்று.