இறங்கிய கல்

2003-இல் குன்னத்தில் நான் அறிவியல் ஆசிரியர். பக்கத்துப் பருத்திக் காட்டில் முழங்கால் உயரக் கருங்கல் ஒன்று இருந்தது. வானத்திலிருந்து விழுந்தது என்று காட்டுக்காரம்மா அதற்கு மஞ்சள் துணி கட்டி, சூடு தணியத் தினமும் ஒரு குடம் தண்ணீர் ஊற்றுவார். காந்தத்தை நீட்டினேன். டக்கென்று ஒட்டிக்கொண்டது. இரும்பு.

சும்மா இராமல் விளக்கினேன்: "இந்த மாதிரி கல்லுங்க மோதி ஒட்டித்தாம்மா பூமியே உண்டாச்சு. அப்ப எல்லாம் உருகிக் கெடந்துச்சு. கனமான இரும்பு பூமியோட நடுவுக்கு எறங்கிடுச்சு. இது மட்டும் வெளியில நின்னுபோச்சு."

"அதான் சார் இதுவும் எறங்குது. முன்ன இடுப்பு ஒசரம் இருந்துச்சு."

"நீங்க ஊத்துற தண்ணியில கரிசல் சேறாவுது, கல்லு அதுல அமுங்குது. அவ்வளவுதான்" என்று எரிந்து விழுந்தேன். அன்றோடு ஊற்றுவதை நிறுத்திவிட்டார்.

கோடையில் ஒரு சொட்டு மழை இல்லை. ஒருநாள் அவர் கூப்பிட்டுப் போய்ப் பார்த்தால், அவிழாத முடிச்சோடு துணி மட்டும் தரையில் கிடந்தது. கடப்பாரைக்கு எதுவும் தட்டுப்படவில்லை.

காந்தத்தை நூலில் கட்டித் தொங்கவிட்டேன். நேராகக் கீழே காட்டியது. நூலில் கட்டிய எதுவும் அப்படித்தான் தொங்கும். தெரிந்தும், கல் இருந்த இடத்திலிருந்து காலை மெல்ல எடுத்து வரப்பில் வைத்தேன்.