துவைகல்லில் கரைத்த பஜ்ஜி மாவு

"அம்மா போயிட்டாங்க" என்றாள் என் மனைவி செல்வி, போனில். மாரடைப்பு. சாத்தூர்க் கம்பெனியில் பிரித்துப் போட்டிருந்த மெஷினை அப்படியே விட்டுவிட்டுச் சிவகாசிக்குக் கிளம்பினேன்.

என் மாமியார் பேச்சியம்மாள் அவர்கள் எம். புதுப்பட்டியில் பட்டாசுக்கு வெடிமருந்து செலுத்தும் வேலை பார்த்தவர்கள். நான் வேறு சாதிக்காரன். அவர்கள் மகளைக் காதலித்து மணந்தவன். மாமனார் என்னோடு பேசமாட்டார். எதுவானாலும் "அவருகிட்டச் சொல்லு" என்று மகள் வழியாகத்தான் வரும்.

தலைதீபாவளிக்கு அத்தை வாழைக்காய் பஜ்ஜி சுட்டார்கள். சவசவவென்று இருந்தது. எனக்குச் சுற்றி வளைத்துப் பேச வராது.

"எண்ணெய் குடிச்சிருக்கு அத்தே. மொறுமொறுப்பே இல்ல."

செல்வி என் காலை மிதித்தாள். மாமனார் தட்டை நகர்த்தினார். அத்தை சிரித்துவிட்டார்கள்.

"இம்புட்டு வருசமா எல்லாரும் நல்லாருக்குன்னு பொய் சொல்லியே தின்னுருக்காக. எதனாலன்னு சொல்லுங்க மாப்ள."

எழுந்துபோய்ப் பார்த்தேன். கொல்லையில் துவைகல்லின் மேல் வைத்து அடுத்த ஈட்டுக்கு மாவு கரைத்தார்கள். கையைக் கழுவி உள்ளே வந்த பிறகுதான் அடுப்பைப் பற்றவைத்தார்கள். எண்ணெய் காய்வதற்குள் மாவில் போட்ட சோடா செத்துவிடும். வேறென்ன?

"அடுப்ப மொதல்ல பத்த வைங்க அத்தே."

"கலக்குற எடத்துல தீயா? மருந்துல கெடந்த கை மாப்ள, கேக்காது."

"அப்ப அடுப்புல நான் நிக்கேன். நீங்க அங்கனயே கரைங்க."

"மாப்பிள்ளைய அடுப்புல நிறுத்துனா ஊரு என்னைய வையும்" என்றபடியே கரண்டியை என் கையில் கொடுத்தார்கள்.

கடலை மாவில் கொஞ்சம் அரிசி மாவு, ஃபிரிட்ஜ் தண்ணீர். எண்ணெயில் விட்ட சொட்டு மாவு சட்டென்று மேலே வந்ததும் கத்தினேன்: "காஞ்சிருச்சு!" அத்தை சோடாவைப் போட்டுக் கலக்கிக்கொண்டே ஓடி வந்தார்கள். இந்தத் தடவை பஜ்ஜியைக் கடிக்கும் சத்தம் அடுப்படி வரை கேட்டது.

மாமனார் மகளைப் பார்த்தார். "அவருகிட்ட இன்னும் ரெண்டு கேளு."

"நீங்களே கேளுங்க. வாயில என்ன கொழுக்கட்டையா?" என்றார்கள் அத்தை.

மாமனார் தட்டோடு அடுப்படி வாசலுக்கு வந்தார். பிறகு, "மாப்ள... இன்னும் ரெண்டு."

உபசாரம் எனக்குப் புரியாது. வேலை கொடுத்தால் புரியும். அத்தை என்னை விருந்தாளியாக உட்கார வைக்கவில்லை. அடுப்பில் நிறுத்தி வீட்டு ஆளாக்கினார்கள். அந்த நன்றி என்றைக்கும் இருக்கும்.

அத்தையின் பாடையைத் தூக்கும்போது பங்காளிகள் சூழ்ந்து நின்றார்கள். எதற்கு வம்பு என்று ஒதுங்கினேன். மாமனார் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார்.

"அங்கன என்ன நிக்கீக மாப்ள? முன்னால வந்து தோள் குடுங்க."

கொடுத்தேன். கனமே இல்லாமல் இருந்தீர்கள் அத்தை. குலுங்காமல் கொண்டுபோய்ச் சேர்த்தோம்.