எல்லா வழக்கும் எடுக்காத அக்கா

அக்கா மறைந்து ஓராண்டு நிறையும் இந்நாளில், இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். எழுத உட்கார்ந்தால் அழுகை வரும் என்று நினைத்தேன். எரிச்சல்தான் முன்னால் வருகிறது. பொறுத்துக்கொள்ளவும்.

அக்கா பொன்னேரிக்குப் பக்கத்தில், வயல்களில் கூலி வேலை செய்த குடும்பத்தில் மூத்த மகளாகப் பிறந்தார். அப்பா பின்னர் ஒப்பந்தத் தொழிலாளி ஆனார். அக்கா பள்ளியில் படித்தபோது, கட்டுமான வேலையில் சாரத்திலிருந்து விழுந்த அப்பாவுக்கு இடுப்பு உடைந்தது. அவர் வழக்கை எடுத்தவர் நிலத் தகராறுகளில் பெயர் பெற்ற வக்கீல். தொழிலாளர் இழப்பீட்டு அதிகாரியிடம் போட வேண்டிய மனுவைச் சாதாரண சிவில் கோர்ட்டில் போட்டார். அங்கே வருடக்கணக்கில் கிடந்து, தள்ளுபடி ஆனது. கெட்ட மனிதர் இல்லை. அந்த வேலை தனக்குத் தெரியாது என்று சொல்லவில்லை, அவ்வளவுதான்.

அக்கா மின்சார ரயிலில் போய் வந்து சட்டம் படித்தார். தொழிற்சாலை விபத்து இழப்பீட்டு வழக்குகளை மட்டுமே எடுத்தார். கும்மிடிப்பூண்டி, வள்ளூர் என்று எங்கெங்கிருந்தோ கையில் காயக் கட்டோடு ஆட்கள் வருவார்கள். ஆனால் தேடி வருபவர்களுக்கு அக்காவின் பெயர்ப்பலகையால் பயனில்லை. எந்த வகை வழக்கில் தேர்ந்தவர் என்று வழக்கறிஞர்கள் பலகையில் எழுதக் கூடாது என்பது அவர்கள் தொழிலின் விதி. விளம்பரம் ஆகிவிடுமாம்.

நான் வெல்டிங் பரிசோதகர். என் சான்று அட்டையில் எந்த முறையில் சோதிக்கலாம், எந்த நிலை வரை, எந்தத் தேதி வரை என்று அச்சிட்டிருக்கிறது. தேதி முடிந்தால் மறுபடி பரீட்சை. ஓர் இரும்புக் குழாய்க்கு இருக்கும் இந்தப் பாதுகாப்பு, இடுப்பு உடைந்த மனிதருக்கு இல்லை.

ஆகவே அக்கா ஒவ்வொருவரிடமும் வாயால் சொல்ல வேண்டியிருந்தது. பாகப்பிரிவினைப் பத்திரத்தோடு வந்த பெரியப்பாவிடமும் சொன்னார்.

"இன்னாம்மா, வக்கீலுக்குப் படிச்சிகினு சொந்த ஊட்டுப் பத்திரத்தப் பாக்க மாட்டியா?"

"பாத்தா தப்பாப் பாப்பேன் பெரியப்பா. அதுக்குன்னு இருக்கறவங்ககிட்ட அனுப்பறேன்."

"எல்லாரும் போடறது ஒரே கறுப்புக் கோட்டுதானே? உன்னுத மட்டும் பாதியோட தச்சி நிறுத்திட்டாங்களா?"

அக்கா சிரித்தார். பெரியப்பா சிரிக்கவில்லை. அதன்பின் வெகுநாள் வீட்டுக்கு வரவும் இல்லை.

அக்காவுக்குப் புற்றுநோய் என்று தெரிந்ததும் முதலில் ஓடி வந்தவரும் அவர்தான். வந்ததும் நர்ஸைப் பிடித்துக்கொண்டார். "இந்த டாக்டரு இந்த நோவுக்குன்னே தனியாப் படிச்சவராம்மா? வெறும் எம்.பி.பி.எஸ். வாணாம், ஆமா!"

"கேட்டியாடி?" என்றார் அக்கா என்னிடம். எனக்குத்தான் சுவரில் முட்டிக்கொள்ளலாம் போலிருந்தது.

படுக்கையில் அக்காவை வாட்டியது ஒரே வழக்கு. கும்மிடிப்பூண்டிப் பக்கம் ஒரு பட்டறை விபத்தில் கணவரை இழந்த கலாவின் வழக்கு. இறந்தவர் தங்கள் ஆளே இல்லை என்று நிர்வாகம் கைவிரித்திருந்தது. வேறொருவர் நடத்த வேண்டுமென்றால் கலா புதிய வக்காலத்து தர வேண்டும். அதில் அக்கா தனக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கையெழுத்திட வேண்டும். பெரியப்பா தம் மருமகனைச் சொன்னார். அவரும் வக்கீல்.

"எல்லா கேசும் எடுப்பாரும்மா. கையெழுத்தப் போட்டுட்டு நிம்மதியா இரு."

"அப்பாவுக்கு வந்த வக்கீலும் எல்லா கேசும் எடுக்கறவருதான் பெரியப்பா."

தேடும் வேலை என் தலையில் விழுந்தது. பொன்னேரியிலும் திருவள்ளூரிலும் கோர்ட் வாசல்களில் ஏறி இறங்கினேன். கேள்விகளை வரிசையாக வைத்திருந்தேன். கடைசியாக எப்போது இழப்பீட்டு வழக்கு நடத்தினீர்கள்? எந்த அலுவலகத்தில் போட்டீர்கள்? ஒப்பந்தக்காரர் நழுவினால் யார் பொறுப்பு? பதில் எல்லாரிடமும் ஒன்றுதான்: "கேஸ் கட்டு எடுத்துகினு வாம்மா, பாத்துக்கலாம்." பிரேக் பிடிக்கவில்லை என்றால்கூட மெக்கானிக் எந்த வண்டி என்று கேட்பார்.

கடைசியில் பொன்னேரியில் டீ குடித்துக்கொண்டிருந்த ஒரு பெண் வக்கீல், முதல் கேள்வியிலேயே கையை உயர்த்திவிட்டார். "எனக்கு டைவர்ஸ் கேசுதாம்மா தெரியும். இத நான் எடுத்தா அந்தப் பொண்ணுக்குத்தான் பேஜாரு. திருவள்ளூர்ல ஒருத்தரு இருக்காரு, அவருக்கு இதான் பொழப்பே. நேரா அவருகிட்ட போ."

திருவள்ளூர் வக்கீல் ஆஸ்பத்திரிக்கே வந்தார். கட்டைப் படித்துவிட்டு நான் கேட்கும் முன்பே என் கேள்விகளுக்குப் பதில் சொன்னார். அக்கா மட்டும் நிர்வாகத்தின் வாதத்தில் ஒரு நுணுக்கத்தைக் கேட்டார். அவர் கட்டை மறுபடி புரட்டினார்.

"இது எனக்குத் தெரியல மேடம். படிச்சிட்டு வந்து சொல்றேன்."

"தோ பாருடா, இவருக்கே தெரியலயாம்!" என்றார் பெரியப்பா.

அக்கா பேனா கேட்டார். புதிய வக்காலத்தில், கட்டிலருகில் நின்ற கலாவின் கையெழுத்துக்குக் கீழே தன்னுடையதைப் போட்டார். எழுத்து நேராகவே இருந்தது. அந்த வாரமே போய்விட்டார்.

கடைசி நாள்வரை பார்த்துக்கொண்ட மருத்துவருக்கும் நர்ஸ்களுக்கும் எங்கள் நன்றி. தெரியாது என்று சொன்ன அந்த இரு வக்கீல்களுக்கும் நன்றி. நாள் தவறாமல் கஞ்சி கொண்டுவந்து, நாள் தவறாமல் அக்காவோடு வாதம் செய்த பெரியப்பாவுக்கு மிகுந்த நன்றி. பதினாறாம் நாள் காரியத்தில் வக்கீலின் தங்கைதானே என்று என்னிடம் பட்டா நகலை நீட்டியவருக்கும், இன்ஜினியர்தானே என்று தண்ணீர் மோட்டாரைப் பார்க்கச் சொன்னவருக்கும் மட்டும் நன்றி சொல்ல மனம் வரவில்லை.

இன்று காலை கலா சாட்சி சொல்கிறார். நினைவு நாள் என்று சொல்லி வாய்தா வாங்கலாமே என்று வீட்டில் கேட்டார்கள். ஏற்கெனவே பல வாய்தா பார்த்துவிட்ட வழக்கு அது. நீங்கள் இந்த மலரைப் பிரிக்கும்போது நான் அவருடன் விசாரணை அறைக்கு வெளியே உட்கார்ந்திருப்பேன். படையலை நேரத்துக்குப் போட்டுவிடுங்கள். சாப்பாட்டுக்கு எனக்காகக் காத்திருக்க வேண்டாம்.