வள்ளியின் கண்

இன்றைக்கு உத்திரமேரூர் போட்டோ கடைக்குப் போனேன். நானும் என் தங்கச்சி வள்ளியும் சிறுமிகளாக இருக்கும் ஒரே படம் செல்லரித்துப்போயிருந்தது. அதைச் சரி செய்யத்தான்.

கடைக்காரப் பெண் அதைக் கம்ப்யூட்டரில் பெரிதாக்கினாள்.

"இன்னா ஆயா, சின்னப் பொண்ணு உக்காந்துக்கினே தூங்குது? போட்டோக்காரரு எழுப்பலியா?" என்று சிரித்தாள்.

உயிரோடிருக்கும் பிள்ளையைப் படம் பிடித்தால் ஆயுசு குறையும் என்று அப்போது எங்கள் வீட்டில் விடமாட்டார்கள். வள்ளி காய்ச்சலில் போன பிறகுதான் எங்கள் ஊர் மானாம்பதிக்குப் போட்டோக்காரர் வந்தார். தலை நிறையப் பூ வைத்து அவளை நாற்காலியில் உட்காரவைத்தார்கள். சாய்ந்துவிடாமல் பிடித்துக்கொள்ள, வேறு வழியில்லாமல் என்னைப் பக்கத்தில் நிறுத்தினார்கள்.

இதைச் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள், "இரு ஆயா, கண்ணத் தொறந்துடறேன்" என்று எதையோ தட்டினாள்.

வள்ளி என்னைப் பார்த்தாள்.

"அவ கண்ணு உனக்கு எப்பிடிம்மா தெரியும்?"

"பக்கத்துல நிக்கிற உன் கண்ணத்தான் எடுத்து வெச்சேன்."

திரும்ப மூடச் சொல்லி வாங்கி வந்தேன். வள்ளியின் கண் எப்படி இருக்கும் என்று பஸ்ஸில் வழியெல்லாம் யோசித்தேன். நினைவுக்கு வரவே இல்லை.

கொள்ளுப்பேரன் தும்முவதைக்கூட என் பேத்தி போனில் பிடிக்கிறாள். "ஆயுசு கொறைஞ்சிடப்போவுதுடி" என்று நேற்றுவரை அவளைத் திட்டியது யார் என்று மட்டும் கேட்காதீர்கள்.