கூப்பிட்டால் வருகிற மான்

மான் பூங்காவில் அவளைப் புட்டியம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். புதிதாக வேலைக்குச் சேருகிறவர்கள் வேறு எதையோ நினைத்துக்கொண்டு அவளை ஒரு மாதிரி பார்ப்பார்கள். "பால் புட்டிடா, பால் புட்டி" என்று தீவனக்காரர் அவர்கள் தலையில் ஒரு தட்டு தட்டுவார். தாயை இழந்த மான்குட்டிகளுக்குப் புட்டிப்பால் கொடுத்து வளர்ப்பது அவள் வேலை. அவள் கணவன் அதே பூங்காவில் வேலிக் காவலாளியாக இருந்தவன். காய்ச்சல் என்று படுத்தவன் எழுந்திருக்கவே இல்லை. அவன் வேலை ஒரு பெண்ணுக்குத் தோதுப்படாது என்று மேலதிகாரி இழுத்தார். "அப்ப தோதுப்படுற வேலையாப் பார்த்துக் குடுங்க சார்" என்று மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு அலுவலக வாசலிலேயே நின்றாள். அப்படிக் கிடைத்த வேலைதான் இது.

பூங்கா என்றதும் ஊஞ்சலையும் சறுக்குமரத்தையும் நினைத்துக்கொள்ள வேண்டாம். கடைசி பஸ் நிறுத்தத்துக்குப் பின்னால் கம்பி வேலி போட்ட காடு அது. மானைத் தின்கிற மிருகம் எதுவும் உள்ளே கிடையாது. கேட்பதற்கு நல்ல செய்தி மாதிரி இருக்கும். ஆனால் தின்ன ஆளில்லாத மான் பெருகிக்கொண்டே போகும், காடு பெருகாது. மானின் வாய் எட்டுகிற உயரம் வரை ஒரு மரத்திலும் இலை இருக்காது. யாரோ கயிறு பிடித்து வெட்டிவிட்டது போல எல்லா மரமும் ஒரே மட்டத்தில் மொட்டையாக நிற்கும். முளைத்த செடி தலையெடுப்பதற்குள் வயிற்றுக்குள் போய்விடும். பசி மிஞ்சிய வருஷங்களில் பெட்டை மான்கள் குட்டி போடுவதையே குறைத்துக்கொள்ளும். அவ்வப்போது ஆட்கள் வந்து கொஞ்சம் மான்களைப் பிடித்து வேறு காடுகளுக்குக் கொண்டுபோவார்கள். அந்த இடம் மறுபடியும் நிரம்பிவிடும்.

குட்டி வளர்ப்பதற்கு, பூங்காவின் மிருக வைத்தியரான டாக்டரம்மா சில கட்டுப்பாடுகள் வைத்திருந்தாள். ஒற்றைக் குட்டியைத் தனியாக வளர்க்கக் கூடாது, கூட்டமாகத்தான் வளர்க்க வேண்டும். சாக்குத் திரைக்குப் பின்னால் நின்றுகொண்டு புட்டியை மட்டும் நீட்ட வேண்டும். பேசக் கூடாது, தடவக் கூடாது, செல்லப்பெயர் கூடவே கூடாது. நாளைக்குக் காட்டில் மானாக வாழவேண்டிய பிராணி, மனுஷரைத் தன் இனம் என்று நினைத்துவிடக் கூடாது அல்லவா? டாக்டரம்மா கண்டிப்பானவள் என்றால் புட்டியம்மா அவளுக்கு ஒரு படி மேல். குட்டி என்ன கத்து கத்தினாலும் வாயைத் திறக்க மாட்டாள்.

"வீட்ல வாய் ஓயாம பேசற, இங்க வந்தா ஊமையாயிடற. எப்படிம்மா முடியுது?" என்று மகள் கேலி செய்வாள்.

"அதுக்கும் சேர்த்துத்தான்டி உன்கிட்ட பேசறேன்" என்பாள் இவள்.

அந்த மகள் கல்யாணமாகி வெளியூர் போனாள். வீட்டில் பேச்சுத் துணைக்கு யாரும் இல்லை. அந்த வருஷம் மழையும் ஏமாற்றியது, காட்டில் குட்டிகளே அரிதாகிவிட்டன. ஒருநாள் நடைப்பயிற்சிக்கு வந்த ஒரு கணவனும் மனைவியும் துண்டில் சுற்றிய மான்குட்டியைக் கொண்டுவந்து நீட்டினார்கள். "புல்லுக்குள்ள அநாதையாக் கிடந்துதும்மா. தாயைக் காணவே காணோம்" என்றாள் அந்தப் பெண், ஏதோ உலகத்தையே காப்பாற்றிவிட்டது போல.

தாய் எங்கேயும் போயிருக்காது. தன் வாசனையை மோப்பம் பிடித்து யாரும் குட்டியிடம் வந்துவிடக் கூடாதென்று தாய் மான் அதைப் புல்லில் படுக்கவைத்துவிட்டுத் தூரத்தில்தான் மேயும். வேளைக்கு வந்து பால் கொடுத்துவிட்டுப் போகும். அதுவரை குட்டி கழுத்தைத் தரையோடு தரையாக நீட்டி அசையாமல் கிடக்கும். புட்டியம்மாவுக்கு இது தெரியாது. அவளிடம் வந்ததெல்லாம் வேலி தாண்டிப் போய்ச் சாலையில் அடிபட்டுச் செத்த மான்களின் குட்டிகள். மனுஷக் கை பட்டால் தாய் சேர்க்காது என்று ஊரில் எல்லோரும் நம்புவதைத்தான் அவளும் நம்பினாள். டாக்டரம்மா அந்த வாரம் ஊரில் இல்லை. போன் போட்டு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. அந்தக் குட்டி அவள் விரலைப் பிடித்துச் சப்பியது, அவளுக்கு அது வேண்டியிருந்தது. இதை மூடி மறைத்து என்ன ஆகப்போகிறது?

டாக்டரம்மா திரும்பி வந்ததும் தலையில் கை வைத்துக்கொண்டாள். "அன்னைக்கே எடுத்த எடத்துல கொண்டுபோய் வச்சிருந்தா தாய் வந்திருக்கும்க்கா. கை பட்டா சேர்க்காதுங்கறதெல்லாம் சும்மா. இப்போ அதுக்குப் பாலே வத்திப்போயிருக்கும்."

தாயிடமிருந்து பிள்ளையைப் பிடுங்கிவிட்டோமே என்ற நினைப்பு அன்றைக்குப் புட்டியம்மாவைப் பிடித்தது, பிறகு விடவே இல்லை. அந்தக் கடனைத் தீர்ப்பது போலத்தான் அவள் கொஞ்சினாள். சாக்குத் திரை போட்டுப் பார்த்தாள். துணைக்கு வேறு குட்டி இல்லாமல், திரைக்கு அந்தப் பக்கம் அது ஒண்டியாகக் கத்தியது. மனசு கேட்கவில்லை. திரையை விலக்கி, "வந்துட்டேன்டா, வந்துட்டேன்" என்றாள். ஒரு வார்த்தை பேசியாயிற்று, பிறகு அணை போட முடியுமா? சின்னவன் என்று பெயரும் வைத்தாள்.

சின்னவன் செய்யாத அட்டகாசம் இல்லை. கொடியில் காயப்போட்ட துணியைத் தின்றான். அலுவலகத்துக்குள் புகுந்து மேலதிகாரியின் நாற்காலிக்குப் பின்னால் படுத்துக்கொண்டான். "உன் புள்ளை என் சட்டைப் பொத்தானை முழுங்கிட்டான் தங்கச்சி" என்று தீவனக்காரர் புகார் சொல்லுவார். சொல்லிவிட்டு அவரே அவனுக்கென்று இளம்புல்லாகத் தனியாக ஒரு கட்டு ஒதுக்கி வைப்பார். டாக்டரம்மா மட்டும் சிரிக்க மாட்டாள். "வளரட்டும், அப்புறம் பாருங்க" என்பாள். அவளுக்கு மூக்கின் மேல் கோபம் என்று புட்டியம்மா அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

வளர்ந்தான். பால் மறந்ததும் பெரிய வேலிக்குள் மற்ற மான்களோடு விட்டார்கள். அவன் அவற்றோடு சேரவே இல்லை, ஆள் நடமாடுகிற பக்கமாகவே சுற்றினான். கொம்பு முற்றி, மேல்தோல் உரிந்து, இணை சேருகிற பருவம் வந்தது. மற்ற ஆண் மான்கள் ஒன்றோடொன்று மோதிக்கொண்டன. சின்னவன் பெட்டை மான்களை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. வேலி ஓரம் நடக்கிற ஆட்களைப் பார்த்துத் தலையைத் தாழ்த்தினான். காட்டு மானுக்கு மனுஷனைக் கண்டால் பயம், அதனால் ஓடிவிடும். இவனுக்கு மனுஷர்தான் சொந்தக் கூட்டம். அப்படியானால் போட்டியும் மனுஷரோடுதானே?

ஒருநாள் காலை, தீவனக்காரர் புல்லுக்கட்டை இறக்கக் குனிந்தார். சின்னவன் பக்கவாட்டிலிருந்து பாய்ந்தான். கொம்பு வயிற்றில் இறங்கியது.

அவருக்கு ஆபரேஷன் ஆயிற்று. பிழைப்பாரா என்றே சொல்ல முடியாது என்றார்கள், பார்க்க யாரையும் விடவில்லை. பூங்காவில் சின்னவனை முடித்துவிட வேண்டும் என்று உத்தரவு வந்தது. புட்டியம்மா டாக்டரம்மாவின் அறைக்கு ஓடினாள்.

"கொம்பை அறுத்துடுங்கம்மா."

"அடுத்த வருஷம் திரும்ப முளைக்கும்க்கா. கொம்பு இல்லாட்டியும் முன்னங்காலாலயே அடிப்பான்."

"விதையை எடுத்துட்டா?"

"வேகம் குறையலாம். மனுஷன் மேல பயம் வராது. நாளைக்கு இன்னொருத்தர் வயித்துல இறங்கினா யார் பதில் சொல்றது?"

"தூரமா எங்கயாவது காட்டுல விட்டுடலாமே?"

"ஊரைத் தேடிக்கிட்டுத்தான் வருவான். வேற பூங்கா எல்லாத்துக்கும் கேட்டுட்டேன். எங்கயும் மான் நிரம்பி வழியுது. முட்டற மானை யார் வாங்குவா?" டாக்டரம்மா ஒரு நாற்காலியை இழுத்து அவளை உட்காரவைத்தாள். "அக்கா, இன்னொண்ணு இருக்கு. எப்படிச் சொல்றதுன்னே தெரியல. புதருக்குள்ள போய் நிக்கறான். கிட்டப் போனா பாயறான், தூரத்துலேருந்து சுட்டா குறி தப்பும். அரைகுறையாக் காயம்பட்டுக் கிடந்து சாவான். நீங்க கூப்பிட்டா வெளியில வருவான். மயக்க ஊசியிலேயே தூங்கிடுவான். அவனுக்கு ஒண்ணும் தெரியாது."

முடியாது என்று சொல்லிவிட்டுப் புட்டியம்மா வீட்டில் கதவைச் சாத்திக்கொள்ளலாம். அப்படிச் செய்தால் அவன் காயத்தோடு முள்ளுக்குள் கிடப்பான். ஒரு பிள்ளைக்குச் செய்யக்கூடியதில் இதுதான் மிச்சம் என்றால் அதையும் அவள்தான் செய்யவேண்டும் என்று தோன்றியது. தலையை ஆட்டினாள்.

வேலிக்கு இந்தப் பக்கம் அவள் நின்றாள். டாக்டரம்மா கொட்டகை மறைவில் ஊசித் துப்பாக்கியோடு உட்கார்ந்தாள். புட்டியம்மா "சின்னவனே" என்று கூப்பிட்டாள். புதரில் அசைவில்லை. மறுபடி கூப்பிட்டாள். புதர் அசைந்தது.

அவன் தலையைத் தாழ்த்திக்கொண்டு தன் மேலும் பாய வேண்டும் என்று அவள் வேண்டிக்கொண்டாள். ஒரே ஒரு தடவை முறைத்துவிட்டால் போதும், மனசைக் கல்லாக்கிக்கொள்ளலாம். அவன் பாயவில்லை. நிதானமாக நடந்து வந்து கம்பியின் சந்தில் மூக்கை நுழைத்து அவள் விரலைச் சப்பினான். அவ்வளவு பெரிய கொம்பை வைத்துக்கொண்டு, குட்டியில் சப்பியது மாதிரியே.

ஊசி தொடையில் தைத்தது. துள்ளிக் குதித்தான். ஓடிவிடுவான் என்று நினைத்தாள். ஓடவில்லை. பயந்துபோன குட்டி செய்வதைச் செய்தான். அவள் காலடியில், வேலியோடு ஒட்டிப் படுத்து, கழுத்தைத் தரையோடு தரையாக நீட்டி அசையாமல் கிடந்தான். கண் மட்டும் அவளையே பார்த்துக்கொண்டிருந்தது. கம்பிக்குள் கையை விட்டு நெற்றியைத் தடவிக்கொண்டே வாய்க்கு வந்ததையெல்லாம் பேசினாள். டாக்டரம்மா உள்ளே போய் அடுத்த ஊசியைப் போட்டாள். "கையை எடுத்துடுங்கக்கா, போயிட்டான்" என்று அவள் சொன்ன பிறகும் புட்டியம்மா கையை எடுக்கவில்லை.

சில நாள் கழித்து, தீவனக்காரரைப் பார்க்கலாம் என்று ஆஸ்பத்திரியிலிருந்து சொல்லி அனுப்பினார்கள். போனாள். மனுஷர் பாதியாகியிருந்தார். அவளைப் பார்த்ததும் எழுந்து உட்காரப் பார்த்தார்.

"படுங்கண்ணே, படுங்க."

"தங்கச்சி, உன்னைத்தான் எதிர்பார்த்துக்கிட்டிருந்தேன். சின்னவனை ஒண்ணும் பண்ணிடாதீங்கன்னு டாக்டரம்மாகிட்ட சொல்லு. தப்பு என்னோடது. இந்தப் பருவத்துல அவன் இருக்கற பக்கம் பார்க்காம நான் குனிஞ்சிருக்கக் கூடாது. வயசுப் பையன், ஏதோ வேகத்துல முட்டிட்டான்."

அவள் போர்வையின் ஓரத்தைச் சரி செய்தாள்.

"இளம்புல்லாப் பார்த்துப் போட்டாத்தான் தொடுவான். இப்ப யார் போடறா?"

"நான்தாண்ணே போடறேன்."

"சாப்பிடறானா?"

"சாப்பிடறாண்ணே" என்றாள். அதற்கு மேல் அவளால் அடக்க முடியவில்லை. கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு விம்மி விம்மி அழுதாள். பக்கத்துக் கட்டில்காரர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள்.

தீவனக்காரர் பதறிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "என்ன தங்கச்சி இது, சின்னப் புள்ளை மாதிரி? அதான் நான் பிழைச்சுட்டேன்ல?"