இப்போது கேட்போர்: இரண்டு

லிஃப்ட் வருவதற்குள் பட்டனை நாலு தடவை அமுக்குகிற ஆள் நான். அமுக்க அமுக்க சீக்கிரம் வந்துவிடாது என்று தெரியும். இத்தனை வருஷம் சாஃப்ட்வேர் எழுதிப் பிழைத்தவனுக்கு அதுகூடவா தெரியாது? ஆனாலும் கை சும்மா இருக்காது. என் மகள் விஷயத்தில் நான் பண்ணிய கூத்தெல்லாம் இந்தக் கையின் வேலை. ஆரம்பித்து வைத்தது வாய். அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

மகள் படித்தது அமெரிக்காவின் கிழக்குக் கரையில், பனி கொட்டுகிற ஒரு சின்ன ஊரில், அதைவிடச் சின்னக் கல்லூரியில். கம்ப்யூட்டர் சயன்ஸ் என்று சொல்லித்தான் சேர்ந்தாள். இரண்டாம் வருஷ டிசம்பர் லீவுக்கு கலிஃபோர்னியாவில், சன்னிவேலில் இருக்கிற எங்கள் வீட்டுக்கு வந்தவள், இட்லியைப் பிட்டுக்கொண்டே, "அப்பா, ஐம் சேஞ்சிங் மை மேஜர்" என்றாள். இங்கே பிறந்து வளர்ந்தவள். நாங்கள் பேசுகிற தமிழ் முழுக்கப் புரியும், பதில் மட்டும் இங்கிலீஷில்தான் வரும். கம்ப்யூட்டர் படிப்பை விட்டுவிட்டு விளையாட்டு வர்ணனையாளர் ஆகப் போகிறாளாம். மாணவர்களே நடத்துகிற கல்லூரி ரேடியோவில் பெண்கள் பாஸ்கெட்பால் மேட்சுக்கெல்லாம் முதல் வருஷத்திலிருந்தே அவள்தான் மைக் பிடிக்கிறாளாம். எங்களிடம் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

எனக்குச் சுர்ரென்று ஏறிவிட்டது.

"ஊர் பேர் தெரியாத காலேஜ். அதுல பொண்ணுங்க பாஸ்கெட்பால். அதையும் ரேடியோவுல! யாரு கேப்பா? சொல்லு, யாரு உக்காந்து கேப்பா? ஒரே ஒருத்தரக் காட்டு பாக்கலாம்."

அவள் காட்டவில்லை. பாதி இட்லியோடு தட்டை எடுத்துக்கொண்டு சிங்க்குக்குப் போய்விட்டாள். மேஜரை மாற்றிக்கொண்டாள். அதற்கப்புறம் எனக்கு வந்த ஃபோன்கள் எல்லாம் ஒரே மாதிரி இருந்தன. "ஹாய்பா. குட்பா. இஸ் அம்மா தேர்?" அம்மாவிடம் ஒரு மணி நேரம் பேசுவாள். பெட்ரூமிலிருந்து என் மனைவி சிரிக்கிற சத்தம் வரும். நான் ஹாலில் டீவி ரிமோட்டை வைத்துக்கொண்டு சேனல் மாற்றிக்கொண்டிருப்பேன்.

ஜனவரியில் ஒரு நாள் மனைவி எனக்கு ஒரு லிங்க் அனுப்பினாள். 'இன்னிக்கு நாலு மணிக்கு மேட்ச், அங்க ஏழு' என்று மட்டும் எழுதியிருந்தாள். நாலு மணிக்கு எனக்கு ஆபீசில் மீட்டிங். ஒரு காதில் மேனேஜர், இன்னொரு காதில் இயர்ஃபோன் சொருகிக்கொண்டு மகள்.

என்னிடம் மூணு வார்த்தைக்கு மேல் பேசாதவள் இரண்டு மணி நேரம் மூச்சு விடாமல் பேசினாள். பாஸ்கெட்பாலில் எனக்கு வலைக்குள் பந்து போனால் பாயிண்ட் என்பதற்கு மேல் ஒன்றும் தெரியாது. ஆனால் அன்றைக்கு எனக்குப் பந்து தெரிந்தது. யார் கையில் இருக்கிறது, எந்த மூலையில் ஒருத்தி கையை நீட்டிக்கொண்டு தனியாக நிற்கிறாள், கோச் துண்டை எப்படி முறுக்கிக்கொண்டிருக்கிறார், எல்லாம் தெரிந்தது. மேனேஜர் என்னிடம் ஏதோ கேட்டார். நான் "நைஸ் ஷாட்" என்று சொல்லிவிட்டேன்.

அந்த ரேடியோ பக்கத்தின் அடியில் பொடி எழுத்தில் ஒரு வரி இருந்தது. இப்போது கேட்போர்: இரண்டு.

ஒருத்தன் நான். இன்னொருத்தர் யார்? எங்கேயோ முகம் தெரியாத ஒரு ஆள் என் மகள் பேசுவதைக் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்று நினைக்கவே சந்தோஷமாக இருந்தது. வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன். அவள் மருந்துக்கடையில் வேலை செய்கிறாள். "அது நான்தாங்க. பிரேக் எடுத்துக்கிட்டு கார்ல உக்காந்து கேட்டேன். வேற யாரு கேப்பா?" என்றாள். அவள் யதார்த்தமாகத்தான் சொன்னாள். மற்ற பெண்களின் பெற்றோர் நேரில் போவார்கள், இல்லாவிட்டால் கல்லூரியே போடுகிற வீடியோவில் பார்ப்பார்கள். ரேடியோவுக்கு ஆள் ஏது?

ஆனால் 'யாரு கேப்பா' என்பது என் வாயிலிருந்து வந்தது. அது அப்படியே பலித்து, நம்பராகத் திரையில் நிற்கிறது. பேசிக்கொண்டிருக்கும்போது அவளுக்கும் அந்த நம்பர் தெரியத்தானே செய்யும்? பெற்ற பெண்ணைப் பார்த்து இப்படியா சொல்வான் ஒருத்தன்? ராத்திரி சாதம் இறங்கவில்லை.

அடுத்த மேட்சுக்கு லேப்டாப்பிலும் அந்தப் பக்கத்தைத் திறந்து வைத்தேன். மூணு. டேப்லெட்டில் திறந்தேன், நாலு. டிராயரில் கண்ணாடி விரிசல் விட்டிருந்த பழைய ஃபோனைத் தேடி எடுத்து சார்ஜ் போட்டேன், ஐந்து. டீவி, ஆறு. சீசன் முடிவதற்குள் எங்கள் வீட்டிலிருந்து மட்டும் ஒன்பது பேர் கேட்டோம்.

அது லேசான வேலை இல்லை. ஒவ்வொன்றும் ஒவ்வொரு வேகத்தில் பேசும். லேப்டாப்பில் வலைக்குள் விழுந்த பந்து டேப்லெட்டில் இன்னும் கையிலேயே இருக்கும், டீவியில் அப்போதுதான் கிளம்பும். தலை சுற்றும். அதனால் ஒன்றைத் தவிர மற்றதையெல்லாம் மியூட்டில் போட்டுவிடுவேன். பழைய ஃபோன் ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தரம் தூங்கிவிடும், நம்பர் ஒன்று குறைந்துவிடும். ஓடிப் போய்த் தட்டி எழுப்ப வேண்டும். ஹாலுக்கும் கிச்சனுக்கும் மாடிக்கும் நடந்துகொண்டே இருப்பேன்.

"ஒரு இடத்துல உக்காருங்களேன், பாக்கற எனக்கே மயக்கமா வருது" என்பாள் மனைவி. "இது கள்ள ஓட்டு, தெரியுமா?"

"ஆமா, கள்ள ஓட்டுதான் போடறேன். என் பொண்ணுக்குத்தானே போடறேன்?"

"அதுக்கு பதிலா, நான் கேக்கறேம்மான்னு அவகிட்ட ஒரு வார்த்தை சொல்லலாம்ல?"

"சொல்றேன், சொல்றேன்."

சொல்லவில்லை. எந்த முகத்தோடு சொல்வது? கேட்கிறேன் என்றால் அன்றைக்குச் சொன்னது தப்பு என்றும் சேர்த்துச் சொல்லவேண்டி வரும். அதைவிட ஒன்பது சாதனங்களைத் தட்டி எழுப்புவது எனக்குச் சுலபமாக இருந்தது. இப்படியே இரண்டு வருஷம் போயிற்று.

நாலாம் வருஷம், கடைசி மேட்ச். டோர்னமென்ட் ஃபைனல். அதற்கப்புறம் அவள் பட்டம் வாங்கி வெளியே வந்துவிடுவாள், அந்த மைக்கில் அவள் பேசப்போவது அதுதான் கடைசி. அதற்கு ஒன்பது பேர் போதுமா? எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. முதல் நாளே எங்கள் பேட்மிண்டன் குரூப்பில் மெசேஜ் போட்டேன். 'நாளைக்கு சனிக்கிழமை காலை பத்து மணிக்கு எல்லாரும் இந்த லிங்க்கைத் திறந்து வைக்கவும். கேட்க வேண்டிய அவசியம் இல்லை. மியூட்டில் போட்டுவிட்டு உங்கள் வேலையைப் பார்க்கலாம். வீட்டில் இருக்கிற எல்லா ஃபோனிலும் திறந்தால் நல்லது.'

எங்கள் குரூப்பில் இது சகஜம். ஒருத்தர் பையன் வீணை வாசித்த வீடியோவுக்கு எல்லாரும் லைக் போடுவோம், இன்னொருத்தர் பெண்ணின் சமையல் சேனலுக்கு குடும்பத்தோடு சப்ஸ்க்ரைப் பண்ணுவோம். வீணையை யாரும் கேட்டதில்லை. அதனால் கட்டை விரல்கள் மளமளவென்று வந்து விழுந்தன. "டன் சார்." "மாமியார் ஃபோன்லயும் போட்டுடறேன்."

சனிக்கிழமை மனைவிக்கு ஷிஃப்ட். ஃபோன் லாக்கரில் இருக்கும், கேட்க முடியாது என்று புலம்பிக்கொண்டே போனாள். நான் தனியாக எல்லாவற்றையும் திறந்து வைத்துவிட்டு நின்றேன். பன்னிரண்டு. பத்தொன்பது. இருபத்தாறு. மகள் கோர்ட்டைப் பற்றிச் சொல்லத் தொடங்கும்போது முப்பது. அப்படியே நின்றுவிட்டது. நான் அந்த நம்பரைப் பார்த்துக்கொண்டே சூடு ஆறின காப்பியைக் குடித்தேன். அத்தனை ருசியாக இருந்தது.

இடைவேளைக்குக் கொஞ்சம் முன்னால் மகள் ஒரு விஷயம் சொன்னாள். அங்கே ராத்திரி முழுக்கப் பனி, ரோடெல்லாம் மூடிவிட்டார்கள். டீம் முந்தின நாளே பஸ்ஸில் போய்விட்டது, பெற்றோர் யாரும் வர முடியவில்லை. போதாததற்கு மேட்ச் நடக்கிற அந்த ஜிம்மில் வீடியோ கேமராவும் வேலை செய்யவில்லை. எல்லாரும் ரேடியோவுக்கு வரப் பார்க்கிறார்கள். ஆனால் இந்த ரேடியோவில் ஒரே சமயத்தில் முப்பது பேர்தான் கேட்க முடியும். பதினாலாம் நம்பர் பெண்ணுக்கு இதுதான் வாழ்க்கையில் கடைசி மேட்ச், அவள் அம்மா உள்ளே வர முடியாமல் ஈமெயில் மேல் ஈமெயில் போடுகிறார். தயவுசெய்து யாராவது ஒன்றுக்கு மேல் திறந்து வைத்திருந்தால் மூடிவிடுங்கள் என்றாள்.

மூட வேண்டியதுதான் நியாயம், யார் இல்லை என்றார்கள்? ஆனால் மூடினால் நம்பர் இறங்கும். கடைசி நாளில், அவள் கண் முன்னாலேயே, முப்பது மளமளவென்று இறங்கி மறுபடி இரண்டில் வந்து நின்றுவிட்டால்? அந்த அம்மாவும் பாவம்தான். என் பெண்ணும் பாவம்தானே? பழைய ஃபோனைக் கையில் எடுத்தேன், கீழே வைத்தேன், மறுபடி எடுத்தேன். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், மூடவில்லை.

இரண்டு மூன்று நிமிஷம் ஆட்டத்தைச் சொல்லிக்கொண்டே போனவள் சட்டென்று நிறுத்தினாள். பிறகு லைவ் ரேடியோவில், ஒரு ஜிம் சத்தம் பின்னால் இரைய, என் மகள் தமிழில் பேசினாள்.

"அப்பா. நீங்கதான்னு தெரியும். எல்லாத்தையும் க்ளோஸ் பண்ணுங்க. ஒண்ணு மட்டும் வெச்சுக்கோங்க."

உடனே இங்கிலீஷுக்குத் தாவி, பந்து இப்போது இந்தப் பக்கம் வருகிறது என்று தொடர்ந்துவிட்டாள்.

எப்படி இருந்திருக்கும் என்று நினைக்கிறீர்கள்? மாடிப்படியில் நின்றபடி அழுதேன். ஆனால் அழுது முடிக்க நேரம் இல்லை, பத்து வீட்டுக்கு ஃபோன் அடிக்க வேண்டியிருந்தது. நான்தான் மகராசன், எல்லாரையும் மியூட்டில் போடச் சொல்லியிருந்தேனே! ஒருத்தர் காதிலும் அவள் சொன்னது விழவில்லை.

"சார், அத உடனே மூடுங்க சார்."

"கவலையே படாதீங்க சார். யாரும் கை வெச்சுடக் கூடாதுன்னு சாமி ரூம்ல வெச்சுப் பூட்டியிருக்கேன்."

"ஐயோ, பூட்டைத் தொறங்க சார்!"

இன்னொருத்தர் எல் கமினோ ரோட்டு ஓட்டலில் மசால் தோசைக்குக் காத்துக்கொண்டிருந்தார், ஃபோன்கள் வீட்டில். இன்னொரு வீட்டில் அம்மா ஒருத்தி, "நீங்க கேக்க வேண்டாம்னீங்க, நாங்க கேக்க ஆரம்பிச்சுட்டோம், பொண்ணு எவ்ளோ அழகாப் பேசறா, இப்பப் போய் மூடச் சொல்றீங்களே" என்று சண்டைக்கு வந்தாள். காலில் விழாத குறையாகக் கெஞ்சினேன். பேசிக்கொண்டே ஹாலுக்கும் மாடிக்கும் ஓடி என் பங்கையும் ஒவ்வொன்றாக மூடினேன். டீவி, டேப்லெட், லேப்டாப், பழைய ஃபோன். கை சும்மா இருக்காது என்று சொன்னேன் இல்லையா? கடைசியில் காதில் மாட்டியிருந்ததையும் மூடிவிட்டேன்.

வீடு கப்சிப் என்று ஆகிவிட்டது. அப்புறம்தான் உறைத்தது. அவள் வைத்துக்கொள்ளச் சொன்ன அந்த ஒன்று அதுதான்.

பதறிப்போய்த் திறந்தேன். சத்தம் வரவில்லை. 'இடம் நிரம்பிவிட்டது, பிறகு முயலவும்' என்று வந்தது. கீழே அதே பொடி எழுத்து. இப்போது கேட்போர்: முப்பது.

எங்கள் வீட்டில் ஒன்றுகூட இல்லை. குரூப்பில் ஒவ்வொருத்தராக 'மூடியாச்சு சார்' என்று போட்டுக்கொண்டிருந்தார்கள். அப்படியென்றால் இந்த முப்பதும் நிஜம். பனியில் அடைபட்டுக் கிடக்கிற அம்மாக்கள், அப்பாக்கள், பதினாலாம் நம்பரின் அம்மா. மறுபடி முயலக் கை போயிற்று. யாராவது ஒருத்தருக்கு ஒரு நொடி கனெக்‌ஷன் அறுந்தால் அந்த இடத்தில் நான் போய் உட்கார்ந்துவிடுவேன். ஃபோனை டேபிளில் கவிழ்த்து வைத்துவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டேன். அங்கே மீதி ஆட்டம் முழுக்க நடந்து முடிந்தது, இங்கே ஃப்ரிட்ஜ் இரைவது மட்டும் கேட்டது.

மத்தியானம் ஃபோன் அடித்தது. அம்மாவுக்கு இல்லை, எனக்கு.

"அப்பா. வீ லாஸ்ட். பை டூ பாயிண்ட்ஸ்."

"போகட்டும்மா. நான்தான்னு உனக்கு எப்பலேர்ந்து தெரியும்?"

"ஆரம்பத்துலேர்ந்தே. எங்க ஸ்க்ரீன்ல ஊர் பேர் வரும்பா. சன்னிவேல், சன்னிவேல், சன்னிவேல். நைன் டைம்ஸ்."

"தெரிஞ்சும் ஏன்மா சொல்லல?"

"சொன்னா நிறுத்திடுவீங்க."

அவளே கேட்டாள். "ஒண்ணு வெச்சுக்கிட்டீங்கல்ல? கடைசி ரெண்டு நிமிஷம் கேட்டீங்களா? ஐ திங்க் தட் வாஸ் மை பெஸ்ட்."

கேட்டேன் என்று சொல்லிவிடலாம். நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது.

"இல்லம்மா" என்றேன். "யாரு கேப்பான்னு உன்னப் பாத்து அன்னிக்குக் கேட்டேன்ல, ரொம்பத் தப்பு. இன்னிக்கு எனக்கே உள்ள இடம் கிடைக்கல. ஹவுஸ்ஃபுல்."

இரண்டு மணி நேரம் மூச்சு விடாமல் பேசுகிறவள், அந்தப் பக்கம் ஒரு வார்த்தை பேசவில்லை. மூக்கை உறிஞ்சுகிற சத்தம் மட்டும் வந்தது. நான் கேட்டுக்கொண்டிருந்தேன்.