ஆறுக்கும் ஏழுக்கும் நடுவில் தூவி

கிரகோரி நாற்பது வருடம் லிப்ட் பழுது பார்த்தார். மலேசியாவில், யோங் பெங் பக்கம் ஒரு செம்பனைத் தோட்டத்தில் பிறந்தவர். பத்தொன்பது வயது வரை லிப்டைப் பார்த்ததுகூட இல்லை. ஜொகூர் பாரு நகரத்தில் முதன்முதலாக ஏறிய லிப்ட் பாதி வழியில் நின்றுவிட்டது. கதவைத் திறந்து தன்னை வெளியே இழுத்தவரிடமே வேலை கேட்டுச் சேர்ந்துகொண்டார்.

கதவைத் திறப்பது பெரிய காரியமில்லை என்பார். உள்ளே இருப்பவர் அதுவரை கத்தாமல் இருக்க வேண்டும், அதுதான் காரியம். அதற்காகவே தூவியை உண்டாக்கினார்.

எந்த மாடிக் கட்டடத்திலும், ஒரு மாடிக்கும் அடுத்த மாடிக்கும் நடுவில் ஒரு நாடு இருக்கிறது. அங்கே இரண்டு நிலா. ஒன்று ஏறினால் மற்றது இறங்கும். ஆறுகள் இரும்பு வடத்தைப் பிடித்துக்கொண்டு மேல்நோக்கி ஓடும். தூவி அந்த நாட்டுக்காரி அல்லது நாட்டுக்காரன். துணிக்குப் பின்னால் பிடித்த டார்ச் வெளிச்சம் போல இருக்கும். மூன்று இறக்கை. நிழல் விழாது. களைத்துப்போனால் லிப்டின் கூரைமேல் வந்து படுக்கும். அது தூங்கி எழும் வரை லிப்ட் நகராது.

மகள் கிளாரிசா எட்டு வயதில் கேட்டாள்:

"ரெண்டு நிலாவும் ஒரே கனமாப்பா?"

"ஒன்னு கொஞ்சம் கூட. இல்லன்னா நகராது."

"தூவி எவ்ளோ கனம்?"

"சைபர்."

"அப்புறம் எப்படி லிப்ட் நிக்குது?"

"அலமாக்! பேட்ரிசியா, உன் மக இன்ஜினியராத்தான் போவா."

"நீங்க விடுற கதைக்கு அவ போலீஸாப் போனாத்தான் சரி," என்றது சமையலறை.

கிளாரிசா இன்ஜினியரே ஆனாள். சிங்கப்பூரில் சென்சார் வேலை. பொய் மட்டும் சொல்ல வராது.

கிரகோரி ஓய்வு பெற ஏழு மாதம் இருந்தபோது, ஜொகூர் பாருவின் பெர்மாஸ் ஜெயாவில் வம்பு வந்தது. ஏ பிளாக், பி பிளாக் என்று எதிரெதிரே இரண்டு அடுக்குமாடிகள். ஏ பிளாக் ஒன்பதாம் மாடியில் கருப்பாயி. பள்ளி கேன்டீனில் சமைப்பவர். ஒரு நாள் காய்கறிப் பையோடு ஆறாம் மாடிக்கும் ஏழாம் மாடிக்கும் நடுவில் மாட்டிக்கொண்டார்.

"ஐயோ, கயிறு அந்துபோச்சா?"

"இல்லக்கா. தூவி படுத்திருக்கு," என்றார் கிரகோரி, கதவுக்கு வெளியிலிருந்து.

"யாரு?"

கிரகோரி நிலாவிலிருந்து ஆரம்பித்தார்.

"கடிக்குமா?"

"பல்லே கிடையாதுக்கா."

"ஆம்பளையா, பொம்பளையா?"

நாற்பது வருடத்தில் ஒருவரும் இதைக் கேட்டதில்லை. "கேட்டுச் சொல்றேங்க்கா."

நாற்பது நிமிடம் கழித்துக் கதவு திறந்தது. கருப்பாயி பையிலிருந்த பீன்ஸை உட்கார்ந்து நறுக்கிக்கொண்டிருந்தார்.

அடுத்த வாரம் அந்த லிப்டின் மூலையில் ஒரு சீப்பு வாழைப்பழம். பிறகு வெள்ளிக்கிழமைதோறும் சாம்பிராணி. நாலாம் மாடிச் சீன அங்கள் தன் பங்குக்கு ஒரு ஆரஞ்சும் மூன்று ஊதுபத்தியும் வைத்தார். அதற்குப் பின் கதவு மூட மறுத்தது. பாதி வரும், திரும்பிப் போகும். மூன்று வாரத்தில் நாலு தடவை பழுது. கட்டட நிர்வாகத்திலிருந்து கடிதம் வந்தது: இந்த மாதம் இன்னொரு தடவை நின்றால் ஆளை மாற்றுவோம். மாற்றினால் லிப்ட் கம்பெனி அவரை வேறு இடத்துக்கு அனுப்பாது, வீட்டுக்குத்தான் அனுப்பும். நாற்பது வருடம் எடுத்த நல்ல பேர் கடைசி ஐந்து மாதத்தில் போய்விடும்.

கிரகோரி மகளுக்கு போன் போட்டார்.

"கிளாரி, மோட்டார் நல்லாருக்கு. ரோலர் மாத்தியாச்சு. கதவு மட்டும் மூட மாட்டேங்குது."

"கதவு சென்சார் கண்ணாடியைத் துடைச்சுப் பாருங்கப்பா. அழுக்கா இருந்தா, ஆள் நிக்குதுன்னு நெனச்சிக்கும்."

கிரகோரி துடைத்தார். "துணி கறுப்பா வருது. வாசமாவும் இருக்கு."

"என்ன வாசம்?"

"சாம்பிராணி."

கதை முழுவதையும் கேட்டபின் கிளாரிசா சிரித்த சிரிப்பில் சிங்கப்பூர் ரயிலில் அவளோடு இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். "கட்டுக்கதைன்னு உண்மையைச் சொல்லிருங்கப்பா."

"சொன்னா அந்தக்கா மொகத்த எங்க வச்சிக்கும்? பிளாக்கே கேலி பண்ணும்லா."

"சொல்லலன்னா வேலை போயிரும்."

"அதான் உன்னக் கூப்பிட்டேன்."

"எனக்குச் சென்சார்தான்பா தெரியும். புகை பட்டா அதுக்கு ஆகாது. அவ்வளவுதான்."

"புகை பட்டா ஆகாது," என்று மெதுவாகத் திருப்பிச் சொன்னார் அப்பா. "போதும்மா. வச்சிரு."

வெள்ளிக்கிழமை சாயங்காலம் கருப்பாயி சாம்பிராணிச் சட்டியோடு வந்தபோது கிரகோரி லிப்ட் வாசலில் கவலையாக நின்றார்.

"அக்கா, தூவிக்குப் புகை ஆகல. ராவெல்லாம் இருமுது. நேத்து பி பிளாக் பக்கம் போய்ட்டு வந்துச்சு."

"அங்க எதுக்கு?"

"எடம் பாக்க."

பி பிளாக் குடியிருப்போர் சங்கத் தலைவர் கமலநாதன் அந்த நேரம் பார்த்துத் தபால் பெட்டி அருகே நின்றார். "வரட்டுமே. எங்க லிப்ட் சுத்தமா இருக்கு."

"ஒங்க லிப்ட்ல ஏறுனா மீன் மார்க்கெட்டுக்குப் போன மாதிரி இருக்கு, தலைவரே!" என்ற கருப்பாயி, அங்கேயே சட்டியில் தண்ணீரை ஊற்றினார்.

அன்று மாலையே ஏ பிளாக் லிப்ட் கழுவித் துடைக்கப்பட்டது. சுவரில் ஒரு அட்டை: 'தூவியின் நலன் கருதி இங்கே புகை கூடாது.' பி பிளாக் பதிலுக்குப் புது மின்விசிறி மாட்டியது. கிரகோரி சென்சாரை இன்னொரு முறை துடைத்தார். ஐந்து மாதம், இரண்டு லிப்ட், பழுது சைபர். டிசம்பரில் கேக் வெட்டி வழியனுப்பினார்கள்.

மார்ச்சில், காலைச் சாப்பாட்டுக்குப் பின், நாற்காலியில் உட்கார்ந்தபடியே போய்விட்டார். இதயம்.

அடக்கம் முடிந்து மாதா கோயில் மண்டபத்தில் தேநீரும் கறிபாப் பலகாரமும் கொடுத்தார்கள். இரண்டு பிளாக்கும் ஒரே வாடகைப் பஸ்ஸில் வந்திருந்தது. கருப்பாயி கிளாரிசாவின் கையைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் அழுதார். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, குரலைத் தாழ்த்தினார்.

"கண்ணு, அப்பாவும் போய்ட்டாரு. தூவி இப்ப எந்த பிளாக்ல இருக்கு?"

பக்கத்தில் நின்ற கமலநாதன் கறிபாப்பைக் கடிக்காமல் தட்டில் வைத்தார்.

எடை சைபர். நிழல் இல்லை. கிளாரிசாவிடம் இருந்தது ஒரே உண்மையான பதில்: எங்கேயும் இல்லை. அதைச் சொல்ல வாயைத் திறந்தாள்.

"ஏ பிளாக்தான் ஆன்ட்டி."

கமலநாதனின் முகம் தொங்கிப்போனது.

"சனி, ஞாயிறு பி பிளாக் வந்துரும் அங்கள்."

அவர் கறிபாப்பை எடுத்துக் கடித்தார். கருப்பாயி விடவில்லை. "அது ஆம்பளையா பொம்பளையான்னு ஒங்கப்பாவக் கேட்டேன். கடைசி வரைக்கும் சொல்லவே இல்ல."

கிளாரிசா மூக்கை உறிஞ்சினாள்.

"கேட்டுச் சொல்றேன், ஆன்ட்டி."